பிறர் கடனுக்கு நம் நிலம் ஏலமா?

கடன்பட்டவர் ஒருவர்; வீட்டை இழக்க நிற்பவர் மற்றொருவர். இப்படியும் நேருமோ என்று நேயர்கள் ஐயுறலாம். நேரும் என்பதற்கு நாம் அண்மையில் கண்ட நிகழ்ச்சி ஒன்றே போதும்.

சித்தூர்த் தாலுகாவின் கிழக்கெல்லையில் தமிழ்க் குடும்பங்கள் வாழும் சிற்றூர் ஒன்றில், ரயில்வேயில் கலாசியாக உழைத்து ஓய்வு பெற்ற பெரியவர் ஒருவர் இருக்கிறார். சேமநிதிப் பணத்தில் பத்து சென்ட் நிலம் வாங்கி ஓட்டு வீடு கட்டினார். பத்திரம் முறைப்படி பதிவாயிற்று. ஆனால், மலையாளத்தில் போக்குவரவு எனப்படும் பெயர் மாற்றத்தை வில்லேஜ் ஆபீசில் செய்துகொள்ளவில்லை. வரி ரசீது விற்றவர் பெயரிலேயே இருந்தது. இரண்டு ஆண்டு கழித்து, விற்றவருக்குக் கடன் கொடுத்தவர் கோர்ட்டில் டிக்ரி பெற்று, வரிக்கணக்கை நம்பி அந்நிலத்தையே ஜப்தி செய்வித்தார்.

அமீன் வந்து மலையாள நோட்டீசை ஒட்டிச் சென்றார். பெரியவரோ, "யாரிடமும் ஒரு காசு கடன் வாங்கியவனல்லன்; எனக்கேன் கோர்ட்டு?" என்று வாளாவிருந்தார். ஏலத்திற்குப் பன்னிரண்டு நாளே இருக்கையில் அவருடைய மருமகள் அத்தாளை நம்மிடம் கொணர்ந்து, "அண்ணா, இதில் என்ன எழுதியிருக்கிறது?" என்று கேட்டார். படித்துக் கூறியதும் அவர் முகம் வெளுத்தது.

இத்தகையோருக்குச் சட்டம் வழி வைத்திருக்கிறது. 1908ஆம் ஆண்டு சிவில் நடைமுறைச் சட்டத்தில், கட்டளை 21, விதி 58 அதுவே. ஜப்தியான சொத்து கடனாளியுடையதன்று, தம்முடையது என்று சொல்பவர் அதே கோர்ட்டில் மனுக் கொடுக்கலாம். முன்னாளில் அது சுருக்க விசாரணையாகவே இருந்தது. தோற்றவர் ஓராண்டுக்குள் தனி வழக்குத் தொடரவேண்டும். 1976ஆம் ஆண்டுத் திருத்தம் 1977 பிப்ரவரி முதல் நடைமுறைக்கு வந்தபின், உரிமை யாருக்கு என்பதை அக்கோர்ட்டே முழுமையாக விசாரித்துத் தீர்க்கிறது. அத்தீர்ப்பு டிக்ரிக்கு ஒப்பாகும். அதன்மேல் அப்பீலும் உண்டு.

ஆனால் காலம் முக்கியம். ஏலம் முடிந்த பிறகோ, வேண்டுமென்றே தாமதித்தோ கொடுக்கும் மனுவைக் கோர்ட்டு ஏற்காது. அதனால் உரிமை அடியோடு அழிந்துவிடாது. தனி வழக்குத் தொடரலாம். எனினும் ஏலம் எடுத்தவரோடு ஆண்டுக்கணக்கில் போராட நம்மவரில் எத்தனை பேருக்கு இயலும்?

இடுக்கி மாவட்டக் குடும்பங்களுக்கு ஒரு சொல். உடும்பன்சோலையில் ஏலத்தோட்டம் வைத்துக்கொண்டு போடியிலும் கம்பத்திலும் குடியிருப்போர் பலர். ஜப்தி உத்தரவை நிலத்திலும் கோர்ட்டு வாசலிலும் ஒட்டுவார்கள். நிலத்தருகே தண்டோராவும் போடலாம். மலைமேல் அடிக்கும் தண்டோரா அடிவாரத்திற்குக் கேட்குமா? ஆதலின் ஆண்டுக்கொருமுறை வில்லங்கச் சான்று எடுத்துப் பார்ப்பது நன்று.

பத்திரம் எழுதிக் கையொப்பமிட்ட தேதி ஜப்திக்கு முந்தியதாயின், பதிவு பிந்தினாலும் அக்கிரயம் செல்லும் என்று தமிழ்நாட்டு வழக்கொன்றில் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்பளித்துள்ளது. ஜப்திக்குப்பின் கடனாளி செய்யும் விற்பனையோ, ஜப்தி செய்வித்தவரின் உரிமைக்கு எதிராகச் செல்லாது. ஜப்திக்கு முன்பே பதிவான ஒப்பந்தத்தின்படி நடந்த விற்பனைக்கு மட்டும் 2002ஆம் ஆண்டுத் திருத்தம் விலக்களிக்கிறது. கடன்காரரை ஏய்க்க மைத்துனர் பெயரில் சொத்தை எழுதி வைப்போர் இவ்வழியை நாடவேண்டா. கோர்ட்டு அதனைத் துருவிப் பார்க்கும்.

பெரியவர் கதைக்கு வருவோம். மறுநாளே வக்கீலிடம் சென்றோம். மனு ஏற்கப்பட்டு ஏலம் நிறுத்திவைக்கப்பட்டது. பத்திரம் ஜப்திக்கு முந்தியதென்று கண்டு, எட்டு மாதங்களுக்குப்பின் ஜப்தி நீக்கப்பட்டது. வீடு பிழைத்தது, ஆயினும் வக்கீல் செலவுக்கு மருமகளின் வளையல்கள் போயின. போக்குவரவுக்கு ஆகியிருக்கும் செலவோ மிகச் சிறிது.

நேயர்களே, இன்றிரவே பெட்டியைத் திறந்து, பத்திரத்திலும் வரி ரசீதிலும் ஒரே பெயர் இருக்கிறதா என்று பாருங்கள். விளங்காத மொழியில் ஒரு தாள் வந்தால், அன்றே படிக்கத் தெரிந்தவரிடம் கொண்டு செல்லுங்கள்.