சாந்தோம் வழியாகப் போன செங்கல்

கத்திரி வெயில். நான்கு மணிக்கு முன்னால் வாசல்படி தாண்டக் கூடாது என்பது பாட்டியின் உத்தரவு. மயிலாப்பூர் வடக்கு மாட வீதியில், ஒரு மாடி வீட்டில், பத்து வயதுச் சிறுமி லேப்டாப் முன்னால் உட்கார்ந்திருக்கிறாள் என்று வைத்துக்கொள்வோம். அடையாறு காந்தி நகரில் அவளுடைய அத்தை பையன். இரண்டு வீட்டுக்கும் இடையே ஏறக்குறைய நான்கு கிலோமீட்டர், ஓர் ஆறு, ஒரு பாலம்.

இருவரும் பிரவுசரிலேயே ஓடும் ஒரு கட்டை விளையாட்டில், ஒரே உலகத்துக்குள் நுழைந்து கோபுரம் கட்டிக்கொண்டிருக்கிறார்கள். இவள் மயிலாப்பூரில் ஒரு செங்கல் வைக்கிறாள். அவன் அடையாற்றில் அதைப் பார்க்கிறான். அந்தச் செங்கல் எந்த வழியாகப் போனது? மந்தைவெளி, திரு.வி.க. பாலம், காந்தி நகர் என்று நாம் நினைப்போம். அவர்கள் சேர்ந்திருக்கும் சர்வர் சிங்கப்பூரில் இருந்தால், செங்கல் சாந்தோம் பக்கம் திரும்பி, கடலுக்குள் இறங்கி, வங்காள விரிகுடாவைக் கடந்து சிங்கப்பூர் போய், அங்கே ஒப்புதல் வாங்கிக்கொண்டு, வந்த வழியே திரும்பி, அடையாறு சேர்கிறது. நான்கு கிலோமீட்டருக்குச் சுமார் 6,400 கிலோமீட்டர் சுற்று.

ஏன் இப்படி என்று கேட்டால், ‘சர்வரில் சேருவது’ என்ற சாதாரணச் சொல்லுக்குள் என்ன இருக்கிறது என்பது தெரிந்துவிடும்.

கூடையும் கயிறும்

2009 மே மாதம் மார்க்குஸ் பெர்ஸன் என்ற ஸ்வீடன் நாட்டு நிரலாளர் மைன்கிராஃப்ட் என்ற கட்டை விளையாட்டின் முதல் வடிவத்தை வெளியிட்டபோது, அது பிரவுசருக்குள் ஜாவா ஆப்லெட்டாக ஓடியது. சில வாரங்களில் பலர் சேர்ந்து ஆடும் வசதியும் வந்தது. ‘கிளாசிக்’ என்று அழைக்கப்படும் அந்தப் பழைய வடிவத்தை, பத்தாண்டு நிறைவுக்காக 2019-இல் ஜாவா இல்லாமலே பிரவுசரில் ஓடும்படி மறுபடி கொண்டுவந்தார்கள். ஆர்வலர்கள் தாமே எழுதிய ‘கிளாசிக்யூப்’ என்ற திறந்தமூல விளையாட்டும் இருக்கிறது. அது பிரவுசரிலேயே திறக்கும். ஆங்காங்கே தனியாட்கள் நடத்தும் சர்வர்களின் பட்டியலைக் காட்டும். விளையாட்டும் சர்வரும் பேசிக்கொள்ளும் 2009-இன் மொழியைத்தான் இன்றும் அடிப்படையாக வைத்திருக்கிறது. எளிய மொழி என்பதால், செங்கலின் பயணத்தைப் பிரித்துப் பார்க்க அதுவே வசதி.

பிரவுசர் சந்தேகப் புத்தி உள்ள வீட்டுக்காரர். இணையப் பக்கங்களைக் குடித்தனக்காரர்களாகத்தான் வைத்திருப்பார். இஷ்டத்துக்கு வெளியாட்களோடு லைன் போட்டுப் பேச விடமாட்டார். பக்கம் ஒன்றைக் கேட்கலாம், பதில் வரும், அத்தோடு சரி. விளையாட்டுக்கு இது போதாது. அத்தை பையன் செங்கல் வைத்தால், இவள் கேட்காமலே செய்தி இவளைத் தேடி வர வேண்டும்.

இதற்கான வழிதான் வெப்சாக்கெட். 2011 டிசம்பரில் தரநிலையானது. மயிலாப்பூரின் பழைய மாடி வீடுகளில் கயிற்றில் கூடையைக் கட்டிக் கீழே இறக்கிக் கீரை வாங்குவார்கள் இல்லையா, அது போலத்தான். ஒவ்வொரு தடவையும் படியிறங்கிப் போவது பழைய முறை. கயிறு ஒருமுறை தொங்கவிட்டாகிவிட்டால், மேலிருந்து காசு இறங்கலாம், கீழிருந்து கறிவேப்பிலை ஏறலாம், யார் வேண்டுமானாலும் முதலில் இழுக்கலாம்.

கயிறு கட்டுவதற்கு முன் ஒரு சோதனை உண்டு. பிரவுசர் சாதாரணப் பக்கம் கேட்பதுபோலவே தொடங்கி, ‘இந்த இணைப்பை வெப்சாக்கெட்டாக மாற்றலாமா?’ என்று கேட்டு, கூடவே நினைத்த மாத்திரத்தில் உருவாக்கிய ஒரு குறியீட்டையும் அனுப்பும். அதோடு, தரநிலையில் எழுதிவைத்துள்ள 36 எழுத்து வரிசை ஒன்றை ஒட்டி, ஒரு கணக்குப் போட்டு, விடையைச் சர்வர் திருப்பித் தர வேண்டும். அந்த 36 எழுத்தும் ஊரறிந்த விஷயம், ரகசியம் எதுவும் இல்லை. மறுமுனையில் இருப்பது உண்மையாகவே வெப்சாக்கெட் தெரிந்த சர்வர்தானா, அல்லது என்ன கேட்டாலும் தலையாட்டும் வேறு ஏதோ இயந்திரமா என்று பார்ப்பதுதான் நோக்கம். விடை சரியாக இருந்து, சர்வர் ‘101’ என்ற எண்ணைச் சொன்னால், கயிறு கட்டியாயிற்று.

169 புள்ளிகளை இரண்டு எண்ணில்

அடுத்து அறிமுகம். கிளாசிக் மொழியில் முதல் செய்தி 131 பைட். அதில் பெயருக்கு 64 பைட். பெயர் ஐந்தே எழுத்து என்றாலும் 64 கட்டமும் போகும், மிச்சம் வெற்றிடம். ரயில் முன்பதிவுப் படிவத்தில் பெயரைக் கட்டம் கட்டமாக நிரப்பிய தலைமுறைக்கு இது உடனே புரியும்.

பிறகு சர்வர் ஓர் உலகத்தையே அனுப்பிவைக்க வேண்டும். 256 கட்டை நீளம், 256 அகலம், 64 உயரம் கொண்ட உலகம் என்றால், மொத்தம் 41,94,304 இடங்கள். ஒவ்வோர் இடத்திலும் மண்ணா, கல்லா, காற்றா என்று சொல்ல ஒரு பைட். அப்படியே அனுப்பினால் 40 லட்சம் பைட்டுக்கு மேல்.

அப்படியே அனுப்புவதில்லை. மார்கழியில் மாட வீதிகளில் கோலம் போடுகிறவர்கள் ‘இடுக்குப் புள்ளி, 15–8’ என்று சொல்லிக்கொள்வார்கள். நடுவரிசையில் 15 புள்ளி, இரண்டு பக்கமும் ஒவ்வொன்றாகக் குறைந்து 8-இல் நிற்க வேண்டும். எண்ணிப் பார்த்தால் 169 புள்ளிகள். சொன்னதோ இரண்டே எண்கள். ஒழுங்கு இருக்கும் இடத்தில் எல்லாவற்றையும் சொல்ல வேண்டியதில்லை. கட்டை உலகமும் அப்படித்தான். தரைக்குக் கீழே மண், மண், மண். மேலே காற்று, காற்று, காற்று. ‘முன்னே சொன்னதே இன்னும் இத்தனை தடவை’ என்று குறிப்பால் சொல்லும் ஜிஜிப் என்ற சுருக்கமுறை அதை மிகச் சிறியதாக மடித்துவிடும். மடித்ததை 1,024 பைட் பொட்டலங்களாக அனுப்புவார்கள். ஒவ்வொரு பொட்டலத்திலும் ‘இதுவரை இத்தனை சதவீதம்’ என்று ஓர் எண் இருக்கும். நுழையும்போது திரையில் நகரும் அந்தப் பட்டை அந்த எண்ணைத்தான் காட்டுகிறது.

உலகம் வந்து சேர்ந்தபின் பேச்சு குறைந்துவிடும். ஒரு செங்கல் வைப்பதற்கு ஒன்பது பைட் போதும். இது எந்தவகைச் செய்தி என்று சொல்ல ஒன்று, நீள அகல உயரத்துக்கு இரண்டிரண்டாக ஆறு, வைப்பதா உடைப்பதா என்பதற்கு ஒன்று, என்ன பொருள் என்பதற்கு ஒன்று. சர்வர் ஏற்றுக்கொண்டால், எட்டு பைட்டில் எல்லோருக்கும் அறிவிப்பு. கோபுரம் முழுக்க இந்த ஒன்பதும் எட்டும்தான்.

ஒளிக்கும் நேரம் பிடிக்கும்

இப்போது கடலுக்கு வருவோம். வடக்கு மாட வீதியிலிருந்து சாந்தோம் நெடுஞ்சாலை நடக்கும் தூரம்தான். கடலடிக் கேபிள்கள் கரையேறும் நிலையம் ஒன்று அங்கே இருக்கிறது. 2002-இல் செயல்படத் தொடங்கிய ஐ2ஐ என்ற கேபிள் சென்னையையும் சிங்கப்பூரின் துவாஸையும் சுமார் 3,200 கிலோமீட்டரில் இணைக்கிறது. ஆழ்கடலில் அது தோட்டத்துக்குத் தண்ணீர் பாய்ச்சும் குழாய் அளவு பருமன்தான். உள்ளே தலைமுடி போன்ற கண்ணாடி இழைகள். இழைக்குள் ஒளி.

வெற்றிடத்தில் ஒளி நொடிக்குச் சுமார் மூன்று லட்சம் கிலோமீட்டர் போகும். கண்ணாடிக்குள் அந்த வேகம் இரண்டு லட்சமாகக் குறையும். 3,200 கிலோமீட்டருக்கு 16 மில்லி விநாடி. செங்கல் போய் அறிவிப்பு வர 32. வழியில் உள்ள திசைமாற்றிகளின் தாமதமும் நிலத்தில் வளைந்து போகும் கேபிளும் இதோடு சேரும். சர்வர் பட்டியலில் ‘பிங்’ என்று ஓர் எண் காட்டுகிறதே, அது இந்தப் போக்குவரத்து நேரம்தான்.

இங்கே பல வீடுகளில் ஒரு குழப்பம். விளையாட்டு திக்கித் திக்கி ஓடுகிறது என்று பிள்ளை புலம்பினால், 100 எம்பிபிஎஸ் இணைப்பை 300-க்கு மாற்றிவிடுகிறார் அப்பா. தி. நகரிலிருந்து மயிலாப்பூருக்கு எட்டு வழிச் சாலை போட்டால் நிறைய வண்டிகள் போகலாம். தி. நகர் ஓர் அங்குலம்கூட மயிலாப்பூர் பக்கம் நகர்ந்து வராது. நமக்கு வேண்டியதோ ஒன்பது பைட் கொண்ட ஒரே ஒரு சைக்கிள். நெரிசல்தான் காரணம் என்றால் அகலம் உதவும். தூரம்தான் காரணம் என்றால் ஒளியிடம் பேரம் பேச முடியாது. சர்வர் கலிஃபோர்னியாவில் இருந்தால், எவ்வளவு பணம் கட்டினாலும் போய்வர நூறு மில்லி விநாடிக்கு மேல் ஆகத்தான் செய்யும். பக்கத்திலுள்ள சர்வரைத் தேர்ந்தெடுப்பது செலவில்லாத வைத்தியம்.

சென்னைக்கும் சிங்கப்பூருக்கும் இந்தக் கடல்வழி புதிதல்ல. 1871-லேயே மெட்ராஸிலிருந்து பினாங்கு வழியாகச் சிங்கப்பூருக்குத் தந்திக் கேபிள் பேச ஆரம்பித்துவிட்டது. கப்பலில் நாள்கணக்கில் போன செய்தி கடலுக்கு அடியில் பாய்ந்தது அன்றைய அதிசயம். கேபிளும் அசைக்க முடியாத பொருள் இல்லை. 2016 டிசம்பர் 12-இல் வர்தா புயல் சென்னையைக் கடந்தபோது, மரங்களோடு கடலடிக் கேபிள் ஒன்றும் அடிபட்டு, நகரத்தில் இணையம் நொண்டியது.

பிரவுசர் சொல்லும் சின்னப் பொய்

32 மில்லி விநாடி கண் சிமிட்டும் நேரத்தைவிடக் குறைவு. ஆனாலும் ஒவ்வொரு செங்கலுக்கும் சிங்கப்பூரின் பதிலுக்குக் காத்திருந்தால் கை கனத்துப்போனது போல இருக்கும். அதனால் பிரவுசர் ஒரு சின்னப் பொய் சொல்கிறது. சிறுமி கிளிக் செய்ததுமே, சர்வர் சம்மதித்துவிடும் என்ற நம்பிக்கையில், செங்கலைத் திரையில் வைத்துக் காட்டிவிடுகிறது. பெரும்பாலும் நம்பிக்கை பலிக்கும். பலிக்காதபோதுதான் வைத்த செங்கல் திடீரென்று மறைந்துபோகும். குழந்தைகள் அதை ‘லேக்’ என்கிறார்கள். செங்கல் காணாமல் போகவில்லை, சர்வரின் உலகத்தில் அது ஒருபோதும் இருந்ததே இல்லை.

அத்தை பையனின் உருவம் நடப்பதும் இப்படித்தான். அவன் இருக்கும் இடம் பற்றிய தகவல் விட்டுவிட்டுத்தான் வரும். ஓர் இடத்துக்கும் அடுத்த இடத்துக்கும் நடுவே பிரவுசர் கோடு இழுத்து, வழுக்கிக்கொண்டு நடப்பதாகக் காட்டும். இவள் பார்ப்பது எப்போதும் கொஞ்சம் பழைய அத்தை பையனைத்தான்.

இருவரும் ஒரே இடத்தில், ஒரே சமயத்தில், இவள் செங்கலும் அவன் கண்ணாடியும் வைத்தால்? இவள் திரையில் செங்கல், அவன் திரையில் கண்ணாடி. இரண்டு உலகம். பஞ்சாயத்துக்கு ஒரே ஆள் சர்வர். அதனிடம் முதலில் எது வந்ததோ அது முன்னது, மற்றது அடுத்தது. யார் முதலில் கையை அசைத்தார்கள் என்று அதற்குத் தெரியாது. இன்றைய மைன்கிராஃப்ட் சர்வரோ நொடிக்கு 20 தவணையாக வேலை பார்க்கிறது. ஒரு தவணை 50 மில்லி விநாடி. வங்காள விரிகுடாவைக் கடக்க 16 மில்லி விநாடியே எடுத்துக்கொண்ட செங்கல், சர்வர் வாசலில் தன் தவணைக்காக அதைவிட அதிக நேரம் காத்திருக்க நேரலாம்.

சர்வரில் சேருவது என்றால் இதுதான். ‘உலகத்தில் என்ன இருக்கிறது, எது முதலில் நடந்தது’ என்று சொல்லும் உரிமையை எல்லோரும் ஓர் இயந்திரத்திடம் ஒப்படைக்கிறார்கள். செங்கல் சிங்கப்பூர் போவது அத்தை பையனைத் தேடி அல்ல. உண்மை அங்கே வசிக்கிறது என்பதால்.

நேராகப் போனால் என்ன?

உண்மையை மயிலாப்பூரிலேயே, சிறுமியின் லேப்டாப்பிலேயே குடிவைக்கக் கூடாதா? வைக்கலாம், விலாசம் இருந்தால். வீட்டு லேப்டாப்பின் எண் பெரும்பாலும் 192.168 என்று தொடங்கும். அது அடுக்குமாடிக் குடியிருப்பில் ‘எஃப்-2’ என்பதைப் போல. ஊரில் ஆயிரம் எஃப்-2 உண்டு. வெளியே தெரிவது தெருவும் கதவு எண்ணும் மட்டும். உள்ளிருந்து வெளியே போகிறவர்களைக் காவலாளி நினைவில் வைத்துக்கொண்டு, அவர்களுக்கு வரும் பதிலை உள்ளே விடுவார். முன்பின் தெரியாமல் வந்து நிற்பவரைத் திருப்பி அனுப்பிவிடுவார். ஆகவே இரு வீடுகளும் வெளியே உள்ள ஒரு பொது இடத்தில் சந்திப்பது எளிது.

வெப்ஆர்டிசி என்ற முறை இதையும் கடக்க முயல்கிறது. 2021 ஜனவரியில் தரநிலையானது. ‘வெளியிலிருந்து பார்த்தால் என் விலாசம் என்ன?’ என்று இருவரும் மூன்றாம் கம்ப்யூட்டர் ஒன்றிடம் கேட்டுத் தெரிந்துகொண்டு, ஒரே நேரத்தில் ஒருவரையொருவர் அழைப்பார்கள். இரண்டு காவலாளிகளும் ‘நம்மவர் கூப்பிட்ட ஆள்தான்’ என்று கதவைத் திறப்பார்கள். சில காவலாளிகள் திறக்க மாட்டார்கள். அப்போது மறுபடி இடைத்தரகர்தான்.

கதவு திறந்தாலும், இரு வீட்டு இணைப்பும் வெவ்வேறு நிறுவனத்தினுடையதாக இருந்தால், அந்த நிறுவனங்கள் எங்காவது கைகுலுக்க வேண்டும். ஒரு காலத்தில் உள்ளூர்ச் செய்தியும் வெளிநாடு போய்க் கைமாறித் திரும்பியது. அதைத் தவிர்க்கத்தான் 2003-இல் நிக்ஸி என்ற தேசிய இணையப் பரிமாற்ற அமைப்பு தொடங்கப்பட்டது. சென்னையிலும் அதன் பரிமாற்ற மையம் உண்டு. மயிலாப்பூரிலிருந்து அடையாறு போக ஊருக்குள்ளேயே வழி கிடைத்தது அப்படித்தான்.

மணி நான்கு. பாட்டி இன்னும் எழுந்திருக்கவில்லை. கோபுரத்தின் கடைசிச் செங்கல். சிறுமி கிளிக் செய்துவிட்டுப் போனில் “வெச்சுட்டேன்” என்கிறாள். அந்த ஒரு வார்த்தையை அவள் வாய் முடிப்பதற்குள், ஒன்பது பைட் சாந்தோமில் கடலிறங்கி, சிங்கப்பூரில் ‘சரி’ வாங்கி, எட்டு பைட்டாகத் திரும்பி, அடையாற்றில் செங்கலாக நிற்கிறது.

“பாத்துட்டேன்” என்கிறான் அவன்.