மாரிட்ஸ்பர்க் சிறை

காந்திஜி 1893-இல் ரயிலிலிருந்து இறக்கப்பட்ட பீட்டர்மாரிட்ஸ்பர்க் நிலையத்தை என்னைப் போன்ற ரயில்வேக்காரர்கள் மறக்க மாட்டோம். அந்த ஊரின் சிறையையும் நாம் அறிய வேண்டும்.

பிரிட்டிஷ் சாம்ராஜ்யத்தில் 1834-இல் அடிமைமுறை ஒழிந்தது. கரும்புத் தோட்டத்துக்கு ஆள் வேண்டாமா? 1860-இல் சென்னையிலிருந்து 'ட்ரூரோ' கப்பல் ஒப்பந்தக் கூலிகளுடன் டர்பன் சேர்ந்தது. ஆரம்பக் கூலி மாதம் 10 ஷில்லிங். ஒப்பந்தம் முடிந்தும் ஊர் திரும்பாதவர்களுக்குப் பின்னாளில் ஆண்டுக்கு 3 பவுண்டு வரி. அதாவது 60 ஷில்லிங்! கணக்கை வாசகர்களே போட்டுக்கொள்ளட்டும்.

1913 போராட்டத்தில் சிறை சென்றவர்களில் ஒருவர் வள்ளியம்மை. பெயரோடு தில்லையாடி ஒட்டியிருந்தாலும் பிறந்தது ஜோகன்னஸ்பர்க்கில். டில்லியில் பிறந்த நம் குழந்தைகள் தங்களைக் கும்பகோணம் என்று சொல்லிக்கொள்வதில்லையா, அப்படித்தான். மாரிட்ஸ்பர்க் சிறையிலிருந்து காய்ச்சலோடு வெளியே வந்தவர், 1914 பிப்ரவரி 22-இல் இறந்தார். வயது 16. அவ்வாண்டே அந்த வரி நீங்கியது. சமமான வாக்குரிமைக்கு 1994 வரை காத்திருக்க வேண்டியிருந்தது.