கடலுக்கடியில் ஓயாத பட்டாசு

சிங்கப்பூரில் 1972 முதல் பட்டாசு வெடிக்கத் தடை உண்டு. தீபாவளிக்குச் சிராங்கூன் சாலை முழுக்க விளக்குகள் மின்னும். வெடிச் சத்தம் மட்டும் இருக்காது. ஆனால், நம் கடலோரங்களில் இரவு பகலாக வெடி வெடித்துக்கொண்டே இருக்கிறது. அந்த வெடியில் ஒலியும் உண்டு, ஒளியும் உண்டு. வெடிப்பவர் யார்? நம் விரல் நீளம்கூட இல்லாத ஓர் இறால்!

சாங்கி பாயிண்ட் படகுத்துறையிலிருந்து படகேறினால் சிறிது நேரத்தில் புலாவ் உபின் வந்துவிடும். அத்தீவின் கிழக்கு முனையில் இருக்கிறது செக் ஜாவா. சதுப்புநிலக் காடு, கடற்புல் வெளி, மணல்திட்டு, பாறைக்கரை எனப் பல வாழிடங்கள் ஒன்றுசேரும் இடம் அது. கடல் உள்வாங்கும் நேரத்தில் அங்குள்ள நடைபாதையில் பேசாமல் நின்றால், சேற்றிலிருந்து ‘டக்... டக்...’ என்று யாரோ விரல் சொடுக்குவது போலக் கேட்கும். அதுதான் சொடுக்கு இறால். துப்பாக்கி இறால் என்றும் சொல்வார்கள்.

சத்தம் எங்கிருந்து வருகிறது?

இந்த இறாலின் இரு கொடுக்குகளில் ஒன்று மட்டும் மிகப் பெரியது. அதன் இரு பகுதிகளும் மோதுவதால்தான் சத்தம் வருகிறது என்று நெடுங்காலம் நம்பினார்கள். நெதர்லாந்து, ஜெர்மனி நாட்டு ஆய்வாளர்கள், வினாடிக்கு 40,000க்கும் மேற்பட்ட படங்கள் எடுக்கும் கேமராவால் இதைப் படம்பிடித்தார்கள். 2000ஆம் ஆண்டில் வெளிவந்த முடிவு வியப்பூட்டியது. கொடுக்கு மூடும்போது பெரிய சத்தமே இல்லை!

நடப்பது இதுதான். கொடுக்கு சட்டென மூடும்போது அதன் குழியிலுள்ள நீர் வெளியே பீய்ச்சி அடிக்கிறது. அதன் வேகம் வினாடிக்கு ஏறத்தாழ 25 மீட்டர், அதாவது மணிக்கு 90 கிலோமீட்டர். நம் விரைவுச்சாலைகளில் கார்கள் செல்லக்கூடிய உச்ச வேகம் அது.

நீர் அவ்வளவு விரைவாகப் பாயும்போது அங்கு அழுத்தம் மிகவும் குறைகிறது. அழுத்தம் குறைந்தால் நீர் குளிர்ந்த நிலையிலேயே ஆவியாகும். ஒரு குமிழி உருவாகும். அடுத்த நொடிப்பொழுதில் சுற்றியுள்ள நீர் அந்தக் குமிழியை நாலாபக்கமும் நெருக்கி நசுக்குகிறது. அந்த நசுங்கலே நாம் கேட்கும் ‘டக்’. அதன் அதிர்ச்சி அலையில் சிறு மீன்களும் நண்டுகளும் மயங்கி விழுகின்றன. இறாலுக்கு உணவு தயார்!

ஒலிக்குள் ஓர் ஒளி

சைக்கிளுக்குக் காற்றடிக்கும்போது பம்ப் சூடாவதைக் கவனித்திருப்பீர்கள். வாயுவை விரைவாக அழுத்தினால் வெப்பம் கூடும். குமிழிக்குள்ளும் அதே கதைதான். அதே ஆய்வாளர்கள் 2001ல் மேலும் ஒன்றைக் கண்டறிந்தார்கள். குமிழி நசுங்கும் கணத்தில் அதனுள் வெப்பம் குறைந்தது 5,000 கெல்வினை எட்டுகிறது. சூரியனின் மேற்பரப்பு ஏறக்குறைய 5,800 கெல்வின். அந்த வெப்பத்தில் குமிழி ஒரு கணம் ஒளிர்கிறது. ஒரு வினாடியை 10 கோடிப் பங்காகப் பிரித்தால், அதில் ஒரு பங்கைவிடக் குறைந்த நேரமே அந்த ஒளி நீடிக்கிறது. நம் கண்ணுக்குத் தெரியாது; நுட்பமான கருவிக்கு மட்டுமே தெரியும்.

சத்தமே வெளிச்சம்

ஆயிரக்கணக்கான இறால்கள் சேர்ந்து சொடுக்கினால், கடலடியில் எண்ணெயில் கடுகு வெடிப்பது போன்ற இரைச்சல் எழும். இரண்டாம் உலகப் போரில் நீர்மூழ்கிக் கப்பல்களின் ஓசையைக் கேட்க முயன்றவர்களுக்கு இந்த இரைச்சல் பெரும் தொல்லையாக இருந்தது.

சிங்கப்பூர் தேசியப் பல்கலைக்கழக ஒலியியல் ஆய்வாளர்கள் அந்தத் தொல்லையையே கருவியாக்கினார்கள். நம் கடல்நீர் கலங்கலானது; சில மீட்டருக்கு அப்பால் பார்ப்பது கடினம். அறையிலுள்ள மேசையை நாம் எப்படிப் பார்க்கிறோம்? விளக்கின் ஒளி அதில் பட்டுத் திரும்பி நம் கண்ணுக்கு வருகிறது. அதுபோல, இறால்களின் சத்தமும் கடலடியில் உள்ள பொருள்களின்மீது பட்டுத் திரும்புகிறது. 500க்கும் மேற்பட்ட ஒலி உணர்கருவிகள் கொண்ட ‘ரோமானிஸ்’ என்ற சாதனம் அந்த எதிரொலிகளைத் திரட்டிப் படமாக்குகிறது. இறாலின் சத்தம் இங்கே விளக்கு வெளிச்சத்தின் வேலையைச் செய்கிறது.

மண்ணுக்குள் போகவிருந்த கரை

செக் ஜாவா இன்று நமக்கு இல்லாமலே போயிருக்கலாம். 2001ல் அதன்மீது மண்கொட்டி நிலமாக்கும் பணி தொடங்கவிருந்தது. அப்போது இயற்கை ஆர்வலர்களும் தொண்டூழியர்களும் கடல் உள்வாங்கும் நேரங்களில் அங்குள்ள உயிரினங்களைப் பதிவுசெய்தார்கள். பொதுமக்கள் திரண்டு சென்று பார்த்தார்கள். பலர் அரசாங்கத்துக்கு எழுதினார்கள். 2002 ஜனவரியில், புலாவ் உபின் மேம்பாட்டுக்குத் தேவைப்படாத வரை நிலமீட்புப் பணி ஒத்திவைக்கப்படும் என்று அறிவிக்கப்பட்டது. 2007ல் ஒரு கிலோமீட்டருக்குச் சற்று அதிகமான நடைபாதை திறக்கப்பட்டது. ஒத்திவைப்புதான், கைவிடப்பட்டதாக அர்த்தமில்லை. ஆகவே அங்கு என்னென்ன வாழ்கின்றன என்று தெரிந்தவர்கள் இனியும் தேவை.

செய்து பாருங்கள்

ஊசி இல்லாத மருந்துக்குழாயில் (சிரிஞ்ச்) பாதியளவு வெதுவெதுப்பான நீரை எடுங்கள். காற்றை வெளியேற்றிவிட்டு, முனையை விரலால் அடைத்துத் தண்டைப் பின்னால் இழுங்கள். அழுத்தம் குறைவதால், நீரில் கரைந்திருந்த காற்று குமிழிகளாக வெளிவரும். தண்டை விட்டதும் குமிழிகள் சுருங்கும். ஒளி வராது, அதற்கு இறாலின் வேகம் வேண்டும்!

செக் ஜாவாவுக்குச் செல்வதற்கு முன், கடல் உள்வாங்கும் நேரத்தைப் பார்த்துக்கொள்ளுங்கள். நடைபாதையை விட்டு இறங்காமல், இரண்டு நிமிடம் பேசாமல் நில்லுங்கள். எத்தனை ‘டக்’ என்று எண்ணி, மறுநாள் வகுப்பில் சொல்லுங்கள்.