ஸ்பைஸ் எடுக்கலாம் வாங்க! பாலைவன விளையாட்டும் நம்ம டெல்டாவும்

வீட்டில் கம்ப்யூட்டர் வந்து இறங்கியதும் பிள்ளைகள் முதலில் கேட்பது, "கேம்ஸ் இருக்கா?" என்பதைத்தான். சும்மா சுட்டுத் தள்ளாமல், யோசித்து ஆட வேண்டிய ஒரு விளையாட்டை இந்த மாதம் பார்ப்போம். நான் தஞ்சாவூர்க்காரன், பிழைப்பு சாஃப்ட்வேர். இந்த விளையாட்டை ஆடும்போதெல்லாம் எனக்கு எங்கள் ஊர் நிலம் நினைவுக்கு வரும். ஏன் என்று கடைசியில் சொல்கிறேன்.

ஸ்பைஸ் என்றால் என்ன?

அமெரிக்க எழுத்தாளர் ஃப்ராங்க் ஹெர்பர்ட் எழுதி 1965-ல் புத்தகமாக வந்த 'டூன்' நாவலில் வரும் கற்பனைப் பொருள்தான் ஸ்பைஸ். மெலாஞ்ச் என்றும் சொல்வார்கள். அர்ராக்கிஸ் என்ற பாலைவனக் கிரகத்தில் மட்டுமே அது கிடைக்கும். சாப்பிட்டால் ஆயுள் கூடும். விண்கலங்களுக்கு வழி காட்டுபவர்கள் அது இல்லாமல் வேலை செய்ய முடியாது. அதாவது, ஸ்பைஸ் நின்றால் கிரகங்களுக்கு இடையே போக்குவரத்தே நின்றுவிடும். அதனால்தான் அந்த வறண்ட மண்ணுக்கு அத்தனை அடிதடி. 2021, 2024 ஆண்டுகளில் வந்த 'டூன்' படங்களைப் பார்த்தவர்களுக்கு இது தெரிந்திருக்கும்.

ஒரு முக்கியமான விஷயம். மணலுக்குள் வாழும் ராட்சதப் புழுக்களின் வாழ்க்கைச் சுழற்சியில்தான் ஸ்பைஸ் உருவாகிறது. அந்தப் புழுக்களுக்குத் தண்ணீர் விஷம். ஆகவே ஸ்பைஸ் வேண்டுமென்றால் நிலம் வறண்டே கிடக்க வேண்டும். இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

விளையாட்டு எப்படி?

வெஸ்ட்வுட் ஸ்டூடியோஸ் நிறுவனம் உருவாக்கிய 'டூன் 2' என்ற விளையாட்டு 1992-ல் வெளிவந்தது. சதுரங்கத்தில் நீங்கள் நகர்த்தும் வரை எதிராளி காத்திருப்பார். இதில் அப்படி இல்லை. இருவரும் ஒரே நேரத்தில் காய் நகர்த்துகிறார்கள். இந்த வகைக்கு 'ரியல் டைம் ஸ்ட்ராடஜி' என்று பெயர். பிறகு வந்த 'கமாண்ட் அண்ட் கான்கர்' போன்ற பல விளையாட்டுகளுக்கு இதுதான் முன்மாதிரி.

மணலில் ஆரஞ்சு நிறத் திட்டுகளாக ஸ்பைஸ் கிடக்கும். 'ஹார்வெஸ்டர்' என்ற வண்டி போய் அதை வாரிக்கொண்டு வரும். எங்கள் வயலில் இறங்கும் அறுப்பு மெஷினைப் பார்த்தவர்களுக்கு இது புதிதாகத் தோன்றாது. வாரியதை ரிஃபைனரியில் கொட்டினால் பணம் ஏறும். சைலோ என்ற கிடங்கு நிறைந்துவிட்டால் அதற்கு மேல் வருவது வீண். கொள்முதல் நிலையத்தில் இடமில்லாமல் மழையில் நனையும் நெல் மூட்டைகள் நினைவுக்கு வருகிறதா? புழு வந்தால் ஹார்வெஸ்டரையே விழுங்கிவிடும்.

எப்படிப் பெறுவது?

'டூன் 2' டாஸ் காலத்து விளையாட்டு. இன்றைய விண்டோஸில் நேரடியாக ஓடாது. முன்பின் தெரியாத தளங்களில் தேடி இறக்கினால் வைரஸும் கூடவே வரலாம். அதற்குப் பதில் 'ஓப்பன்ஆர்ஏ' என்ற இலவச, ஓப்பன் சோர்ஸ் மென்பொருளை அதன் சொந்தத் தளத்திலிருந்தே இறக்குங்கள். நிறுவியதும், 1998-ல் வெளிவந்த 'டூன் 2000'-க்கான ஐகானை இரட்டைக் கிளிக் செய்யுங்கள். முதல் முறை மட்டும் சில கோப்புகளை இறக்க அனுமதி கேட்கும். அப்போது நெட் இணைப்பு இருக்க வேண்டும். பிறகு மெனுவில் 'ஸ்கிர்மிஷ்' தேர்ந்தெடுத்துக் கம்ப்யூட்டரோடு மோதலாம்.

திரைக்குப் பின்னால்

புரோகிராமர் கண்ணால் பார்த்தால் இந்த வரைபடம் ஒரு பெரிய அட்டவணை. ஒவ்வொரு கட்டத்திலும் ஒரு குறிப்பு: இது பாறை, இது மணல், இது ஸ்பைஸ். ஹார்வெஸ்டருக்கான கட்டளைகளும் எளியவை. ஸ்பைஸ் கட்டத்துக்குப் போ, நிரப்பு, திரும்பி வந்து கொட்டு, மறுபடி போ. ஸ்பைஸ் தீர்ந்த கட்டம் வெறும் மணலாக மாறிவிடும். அவ்வளவுதான்.

அந்த மண்ணிலேயே பிறந்து வளர்ந்த ஃப்ரெமன் மக்கள் நாவலில் முக்கியமானவர்கள். விளையாட்டிலோ அட்ரெய்டிஸ் தரப்பின் அரண்மனை அனுப்பும் படையாக மட்டும் தலை காட்டுகிறார்கள். இந்தக் கட்டத்தில் குடியிருப்பவர் யார், அடியில் தண்ணீர் எவ்வளவு என்பதற்கெல்லாம் அட்டவணையில் இடமே இல்லை. விளையாட்டில் இது பரவாயில்லை. நிஜ நிலத்தில்?

நம்ம டெல்டாவில் நடந்தது

மன்னார்குடி வட்டாரத்தில் நெல் வயல்களுக்கு வெகு ஆழத்தில் நிலக்கரிப் படுகை இருக்கிறது. அதில் மீத்தேன் வாயு ஒட்டிக்கொண்டிருக்கிறது. அதை எடுக்க 2010-ல் மத்திய அரசு கிரேட் ஈஸ்டர்ன் எனர்ஜி நிறுவனத்துடன் ஒப்பந்தம் போட்டது. பரப்பு சுமார் 690 சதுர கிலோமீட்டர்.

எடுக்கும் முறை இது: படுகையில் உள்ள தண்ணீரின் அழுத்தம்தான் வாயுவைப் பிடித்து வைத்திருக்கிறது. தண்ணீரை இறைத்து வெளியேற்றினால் அழுத்தம் குறையும். சோடா பாட்டிலைத் திறந்ததுபோல வாயு பிரிந்து வரும். வாயு வேண்டுமென்றால் முதலில் தண்ணீர் வெளியே போக வேண்டும். அர்ராக்கிஸ் கதை ஞாபகம் வருகிறதா? ஆற்றில் தண்ணீர் வராத மாதங்களில் போர் பாசனத்தை நம்பும் விவசாயிகள் பயந்தது இதற்குத்தான். நிலத்தடி நீர் இறங்கினால் கடல் நீர் உள்ளே வந்துவிடும் என்றார்கள்.

இயற்கை விவசாயி கோ. நம்மாழ்வார் இதை எதிர்த்து ஊர் ஊராகப் பேசினார். அந்தப் பிரச்சாரத்தில் இருந்தபோதே, 2013 டிசம்பர் 30 அன்று பட்டுக்கோட்டை அருகே அத்திவெட்டியில் காலமானார். அதே ஆண்டு மாநில அரசு திட்டத்தை நிறுத்தி வைத்து நிபுணர் குழு அமைத்தது. 2015-ல் திட்டத்தை நிராகரித்தது. 2020 பிப்ரவரியில் சட்டமன்றம் பாதுகாக்கப்பட்ட வேளாண் மண்டலச் சட்டத்தை நிறைவேற்றியது. மண்டலத்துக்குள் புதிதாக எண்ணெய், எரிவாயு எடுக்க அது தடை விதிக்கிறது. ஏற்கெனவே ஓடும் கிணறுகளை அது தொடவில்லை. 2023-ல் வடசேரி உள்ளிட்ட டெல்டா இடங்கள் நிலக்கரி ஏலப் பட்டியலில் வந்தன. எதிர்ப்புக்குப் பிறகு அவை நீக்கப்பட்டன.

எரிவாயுவே வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. என் வீட்டு அடுப்பும் கேஸில்தான் எரிகிறது. ஆனால் கணக்குப் போடும்போது எல்லாக் கட்டங்களையும் நிரப்பிவிட்டுத்தான் போட வேண்டும். டெல்டாவில் விடுபட்ட கட்டத்தை நிரப்பியவர்கள் அந்த மண்ணில் நெல் விளைவிப்பவர்கள்.

பிள்ளைகளுக்கு ஒரு வேலை கொடுங்கள். விளையாடி முடித்ததும் இஸ்ரோவின் 'புவன்' தளத்தைத் திறந்து, கல்லணையிலிருந்து கிழக்கே கடல் வரை காவிரி எப்படிக் கிளை கிளையாகப் பிரிகிறது என்று பார்க்கச் சொல்லுங்கள். புரோகிராமிங் படிக்கும் பிள்ளை என்றால் இன்னும் ஒரு வேலை: வரைபடத்தின் ஒவ்வொரு கட்டத்துக்கும் ஒரு தண்ணீர் அளவு கொடுத்து, வாரும் ஒவ்வொரு முறையும் அது குறைவதுபோல ஒரு சின்ன விளையாட்டை எழுதிப் பார்க்கட்டும். அப்போது யார், எப்படி ஜெயிக்கிறார்கள் என்று பார்ப்போம்!