மாட்டு டாக்டர்கள் சங்கம் நமக்கு எதற்கு?

மதுரையைச் சுற்றி திருமங்கலம், உசிலம்பட்டி, மேலூர், வாடிப்பட்டிப் பக்கங்களில் ஒன்றிரண்டு கறவை மாடும் நாலைந்து வெள்ளாடும் வைத்துப் பிழைக்கும் குடும்பங்கள் ஏராளம். மழை பொய்த்த வருடத்தில் வீட்டுச் செலவை ஓட்டுவது இவைதான். ஆகவே, கால்நடை டாக்டர்கள் சங்கம் வைத்துக்கொண்டால் நமக்கென்ன என்று இருந்துவிட முடியாது.

முதலில் இரண்டு அமைப்புகளைப் பிரித்து அறிய வேண்டும். கால்நடை மருத்துவக் கவுன்சில் என்பது 1984ம் ஆண்டுச் சட்டப்படி அமைந்தது. பட்டம் பெற்றவர் தம் பெயரைப் பதிவு செய்த பிறகே வைத்தியம் பார்க்கலாம். சங்கம் அப்படியல்ல, டாக்டர்கள் தாங்களே விரும்பிச் சேர்வது. அதற்கு யாரையும் தண்டிக்கும் அதிகாரம் இல்லை.

சங்கத்தின் பெரிய வேலை, தெரிந்ததைப் பகிர்ந்துகொள்வது. கிராம மருந்தகத்தில் தனியாக இருக்கும் டாக்டருக்கு இது அவசியம். இந்திய கால்நடை மருத்துவச் சங்கத்தின் பத்திரிகை 1924ல் சென்னையில், பி. சீனிவாசராவை ஆசிரியராகக் கொண்டு தொடங்கியதும் இதற்காகவே. மாடுகளுக்கு வரும் தோல் கழலை நோயைப் பாருங்கள். 2019ல்தான் அது இந்தியாவில் முதன்முதலாகக் கண்டறியப்பட்டது. அதற்கு முன் படித்து வந்த டாக்டர்கள் இங்கே அதைக் கண்ணால் பார்த்ததில்லை. ஆட்டம்மைத் தடுப்பூசியை மாட்டுக்குப் போட்டுத் தடுக்கலாம் என்பது போன்ற விஷயங்கள் ஒருவர் சொல்லி ஒருவருக்குப் போய்ச் சேர வேண்டியவை.

நமக்கு நேரடியாகத் தொடர்புள்ள விஷயம் இனிமேல்தான். சைக்கிளிலோ மோட்டார் சைக்கிளிலோ பையுடன் வந்து ஊசி போடும் ஆட்கள் பல ஊர்களிலும் உண்டு. கூப்பிட்டதும் வருகிறார், காசும் குறைவு என்று நம்மவர்கள் அவரையே அழைக்கிறார்கள். மருந்தகம் தூரத்தில் இருக்கும்போது இதை முழுத் தவறென்று சொல்ல மனம் வரவில்லை. ஆனால் மடிவீக்கத்துக்கு ஒரு நாள் ஊசி போட்டு நிறுத்தினால் வீக்கம் வடிந்ததுபோல் தோன்றி மீண்டும் வரும். கடைசியில் காம்பே போய்விடும். பட்டயம் அல்லது சான்றிதழ் பெற்றவர்கள் அரசு அனுமதித்த சிறு சிகிச்சைகளைச் செய்யலாம். அதுவும் பதிவு பெற்ற டாக்டரின் மேற்பார்வையில்தான்.

இன்ஷூரன்ஸ் செய்த மாடு இறந்தால் இழப்பு இன்னும் பெரிது. டாக்டரின் சான்றிதழும் காதில் போட்ட வில்லையும் இல்லாமல் பணம் கிடைப்பது கடினம். ஊசி போடும் ஆள் எழுதிக் கொடுப்பது செல்லாது. எனவே வருபவரிடம் பதிவு எண்ணைக் கேளுங்கள். கேட்பதில் மரியாதைக் குறைவு ஏதுமில்லை.

சங்கத்தாரிடம் நாமும் கேட்க வேண்டியது உண்டு. கூட்டங்களை நகரத்து மண்டபத்தோடு முடித்துவிடாமல், ஆண்டுக்கு ஒருமுறையாவது பால் சங்க வாசலில் நடத்தட்டும். கிடை போட்டு ஊர் ஊராகப் போகும் புலிகுளம் மாடுகளுக்குத் தடுப்பூசி தவறிவிடுகிற பிரச்னையையும் அவர்கள் எடுத்துப் பேசலாம். ஜல்லிக்கட்டுக் காளைக்குக் கிடைக்கும் பரிசோதனையில் பாதியாவது கிடை மாட்டுக்குக் கிடைக்கட்டுமே!

அவசரத்துக்கு 1962 என்ற எண்ணில் கூப்பிடலாம். மாடு கன்று போட்டு எத்தனை நாள், அசை போடுகிறதா, சாணம் எப்படி என்று சொல்லத் தயாராக இருங்கள். மாடு திடீரென இறந்து மூக்கிலோ ஆசனவாயிலோ உறையாத கறுப்பு ரத்தம் வந்தால் அது அடைப்பானாக இருக்கலாம். அறுக்கவோ தோலை உரிக்கவோ கூடாது. டாக்டர் வரும்வரை யாரையும் நாயையும் அருகில் விடாதீர்கள்.