மூளையைப் போர்த்திய சிலந்தி
அறிவியல் சொற்களின் கதை – 9

தமிழ்நாட்டில் நடக்கும் பிரசவங்களில் ஏறத்தாழ 45 விழுக்காடு சிசேரியன் என்கிறது 2019-21இல் நடந்த தேசியக் குடும்பநல ஆய்வு. இவற்றில் பெரும்பாலானவற்றுக்கு இப்போது முழு மயக்கம் கொடுப்பதில்லை. தாயை மேசைமேல் உட்கார வைத்தோ ஒருக்களித்துப் படுக்க வைத்தோ முதுகை வளைக்கச் சொல்கிறார்கள். கீழ்முதுகில், இரண்டு எலும்புகளின் இடுக்கில், மயக்க மருத்துவர் ஒரு மெல்லிய ஊசியைச் செலுத்துகிறார். தோல், தசைநார், கெட்டியான ஓர் உறை எல்லாவற்றையும் கடந்து கடைசியாக ஒரு சவ்வை ஊசி துளைக்கிறது. துளைத்ததும் ஊசியின் பின்முனையில் பளிங்குபோல் நீர் சொட்டும். அந்தச் சொட்டைக் கண்ட பிறகுதான் மருந்து உள்ளே போகும். சில நிமிடங்களில் இடுப்புக்குக் கீழே மரத்துவிடும். குழந்தையின் முதல் அழுகையைத் தாய் விழித்திருந்தே கேட்பாள்.

கடைசியாகத் துளைபட்ட அந்தச் சவ்வின் பெயர் அரக்னாய்டு. அறுவை அரங்கின் குறிப்பேட்டில் 'எஸ்.ஏ.பி.' என்று மூன்றெழுத்தில் எழுதுவார்கள்: சப்-அரக்னாய்டு பிளாக். அரக்னாய்டுக்கு அடியில் மருந்து செலுத்தி வலியைத் தடுப்பது என்று பொருள். லட்சக்கணக்கான தாய்மாரின் மருத்துவக் கோப்புகளில் இந்தச் சொல் இருக்கிறது. இதற்குள் ஒரு சிலந்தி இருப்பதை யாரும் அவர்களுக்குச் சொல்லியிருக்க மாட்டார்கள்.

கிரேக்கத்தில் 'அரக்னே' என்றால் சிலந்தி. அதன் வலையையும் அதே சொல்லால் குறிப்பதுண்டு. வால்பகுதியான 'ஆய்டு', உருவம் என்று பொருள்படும் 'எய்டோஸ்' என்பதிலிருந்து வந்தது. ஆக, சிலந்தி வலை போன்றது. நெசவில் தெய்வத்தையே போட்டிக்கு அழைத்துச் சிலந்தியாகிப்போன அரக்னே என்ற பெண்ணின் கதை பலருக்குத் தெரிந்ததுதான். ஆனால் நம் சொல் பிறந்த இடம் புராணம் இல்லை, பிணக்கூறாய்வு மேசை.

கி.மு. 3ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அலெக்சாண்டிரியாவில் ஹெரோஃபிலஸ் என்ற மருத்துவர் இருந்தார். மனித உடலை முறையாக அறுத்துப் பார்த்த முதல் சிலருள் ஒருவர். அவர் எழுதியவை அழிந்துவிட்டன. பின்னால் வந்த செல்சஸ், எபேசஸ் நகரத்து ரூஃபஸ் ஆகியோரின் நூல்கள் வழியாகவே அவரைத் தெரிந்துகொள்கிறோம். கண்ணைத் திறந்து பார்த்த ஹெரோஃபிலஸ், உள்ளேயிருந்த ஒரு நொய்ந்த சவ்வுக்கு இரண்டு ஒப்புமைகள் சொன்னார். ஒன்று சிலந்தி வலை. மற்றொன்று சுருக்கி இழுத்த வீச்சு வலை. வீச்சு வலை லத்தீன் வழியாக 'ரெட்டினா' ஆயிற்று. இன்று விழித்திரைக்கு அதுதான் பெயர். சிலந்தி வலை கண்ணைவிட்டு இறங்கி, பல நூற்றாண்டுகள் கழித்து மூளைக்குக் குடிபோயிற்று.

மூளைக்கு அப்போது இரண்டு உறைகளே கணக்கில் இருந்தன. அவற்றின் பெயர்களே அழகானவை. அரபு மருத்துவர்கள் உறையைத் 'தாய்' என்று சொன்னார்கள். அலீ இப்னு அல்-அப்பாஸின் பெருநூலை அந்தியோக்கியாவின் ஸ்டீஃபன் 1127இல் லத்தீனுக்குக் கொண்டுவந்தபோது, வெளியுறை 'டியூரா மேட்டர்', கடினத் தாய் ஆனது. மூளையோடு ஒட்டிக்கிடக்கும் உள்ளுறை 'பையா மேட்டர்', மென்மையான தாய். இரண்டுக்கும் நடுவில் மூன்றாவதாக ஒன்று இருப்பதை 17ஆம் நூற்றாண்டில் ஆம்ஸ்டர்டாம் உடற்கூறியலாளர்கள் தெளிவாகப் பிரித்துக் காட்டினார்கள். 1660களில் கெரார்டஸ் பிளாசியஸ் அதை விவரித்தார். நூற்றாண்டின் முடிவில் ஃப்ரெடெரிக் ராய்ஷ் மேலும் முழுமையாக விவரித்தார். பார்வைக்குச் சிக்காத அளவு மெலிந்த அந்தப் படலத்துக்கு அரக்னாய்டு என்ற பழைய பெயர் கிடைத்தது. பிறகு மற்ற இரு தாய்மாரின் வரிசையில் அதையும் சேர்த்து அரக்னாய்டு மேட்டர் என்றார்கள். சிலந்தித் தாய்!

இந்தப் பெயர் எவ்வளவு பொருத்தம் என்பது பெயர் வைத்தவர்களுக்கே முழுதாகத் தெரிந்திருக்காது. அரக்னாய்டின் அடிப்புறத்திலிருந்து மெல்லிய இழைகள் புறப்பட்டு, கீழேயுள்ள மென்மையான தாயோடு போய்ச் சேர்கின்றன. நம் வீட்டு மூலைகளின் நூலாம்படைபோலவே அவை பின்னிக் கிடக்கும். இழைகளுக்கு இடையே ஓடுவதுதான் ஊசியில் சொட்டிய அந்த நீர், மூளைத் தண்டுவட நீர். மெத்தையில் பஞ்சு நகர்ந்துவிடாமல் ஆங்காங்கே குத்துத் தையல் போடுவார்களே, அதுபோல இந்த இழைகள் மூளையை இடம்பெயராமல் பிடித்துக்கொள்கின்றன. வளர்ந்த மனித மூளையின் எடை ஏறத்தாழ 1,400 கிராம். நீரில் மிதப்பதால் அதன் பாரம் சுமார் 50 கிராம் அளவுக்குக் குறைந்துவிடுகிறது. அந்த மிதப்பு இல்லாவிட்டால் மூளை தன் எடையாலேயே அடிப்புற நரம்புகளையும் குழாய்களையும் நசுக்கிவிடும்.

எந்த நேரத்திலும் இந்த நீர் நமக்குள் 150 மில்லிலிட்டர்தான் இருக்கும். ஆனால் நாள் ஒன்றுக்குச் சுரப்பதோ அரை லிட்டர். மிச்சம் வடிந்தாக வேண்டும். அரக்னாய்டில் முளைவிட்டாற்போல் நிற்கும் சிறு புடைப்புகள் வழியாகப் பெருஞ்சிரைக்குள் நீர் வடிகிறது என்று நீண்ட காலமாகச் சொல்லிவந்தார்கள். 1705இல் அவற்றை விவரித்த இத்தாலியர் பாக்கியோனி அவற்றைச் சுரப்பிகள் என்று நம்பினார். 'பாக்கியோனி சுரப்பிகள்' என்ற பெயரும் நிலைத்தது. அவை சுரப்பிகளே இல்லை என்று தெரிந்தபின் பெயர் மாறியது. 2015இல் மூளையுறைகளில் நிணநீர்க் குழாய்கள் இருப்பதை இரண்டு ஆய்வுக் குழுக்கள் தனித்தனியே காட்டியதும், வடிகால் கதையே திருத்தி எழுதப்படுகிறது. இத்தனை மாற்றத்துக்கும் நடுவே அரக்னாய்டு என்ற பெயருக்கு மட்டும் ஒரு கீறல் விழவில்லை. காரணம் எளியது. அது எதையும் விளக்க முயலவில்லை. 'இப்படித் தெரிகிறது' என்பதோடு நிறுத்திக்கொண்டது. ஆக்சிஜனுக்கு 'அமிலம் உண்டாக்குவது' என்று லவாய்சியே பெயர் வைத்தார்; எல்லா அமிலத்திலும் ஆக்சிஜன் இல்லை என்று தெரிந்த பிறகும் அந்தத் தவறைச் சுமந்துகொண்டு நடக்கிறோம். கண்ணால் கண்டதை மட்டும் சொல்லும் பெயர் மீது எனக்கு மதிப்பு அதிகம்.

முதுகு ஊசிக்கு ஒருமுறை திரும்புவோம். அதன் தொடக்கம் 1898 ஆகஸ்டு, ஜெர்மனியின் கீல் நகரம். அறுவை மருத்துவர் ஆகஸ்டு பீர், நோயாளிகள் சிலருக்கு அரக்னாய்டுக்கு அடியில் கொக்கெயின் செலுத்தி வலியின்றி அறுத்திருந்தார். ஆனால் பிறகு அவர்களுக்குக் கடுந்தலைவலி வந்தது. ஏன் என்று அறியத் தன் முதுகையே உதவியாளர் ஹில்டெபிராண்டிடம் கொடுத்தார். ஊசியும் மருந்துக்குழலும் பொருந்தாமல் போய் நீர்தான் கசிந்தது. உடனே ஹில்டெபிராண்ட் தன் முதுகைக் காட்டினார், அது பலித்தது. காலில் சுத்தியலால் அடித்தும் சுருட்டால் சுட்டும் பார்த்தார்கள், வலியில்லை. அதன்பின் பீர் ஒன்பது நாள் படுத்தே கிடந்தார். எழுந்து உட்கார்ந்தால் தலை பிளந்தது. நீர் கசிந்து மிதப்புக் குறைவதே அந்தத் தலைவலிக்குக் காரணம் என்று இன்று தெரியும். ஊசி மெலிந்து மெலிந்து வந்ததற்கும் அதுவே காரணம். பிரசவத்துக்குப் பிறகு எழுந்து உட்கார்ந்தால் மட்டும் தலை வலிக்கிறது, படுத்தால் குறைகிறது என்று ஒரு தாய் சொன்னால் வீட்டில் கைவைத்தியம் செய்துகொண்டிருக்க வேண்டாம். மருத்துவமனைக்குச் சொல்லுங்கள், அதற்குச் சிகிச்சை உண்டு.

இந்தச் சொல் வரும் இன்னும் இரண்டு இடங்கள். இரண்டையும் வாசகர்கள் பிரித்தறிய வேண்டும். வேறெதற்கோ எடுத்த ஸ்கேன் அறிக்கையில் 'அரக்னாய்டு சிஸ்ட்' என்று இருந்தால், அது பெரும்பாலும் பிறவியிலேயே அமைந்த நீர்ப்பை. புற்றுநோய் இல்லை, பலருக்கு வாழ்நாள் முழுதும் ஒரு தொல்லையும் தராது. மருத்துவரிடம் காட்டிவிட்டு அமைதியாக இருக்கலாம். 'சப்-அரக்னாய்டு ஹெமரேஜ்' அப்படியில்லை. மூளையின் அடிப்புறத்தில் ரத்தக்குழாயில் ஏற்பட்ட வீக்கம் வெடித்து, நீர் ஓட வேண்டிய இடத்தில் ரத்தம் பாய்வது அது. வாழ்க்கையில் அதுவரை வராத தலைவலி, நொடிகளில் உச்சத்தைத் தொடும். வாந்தி, கழுத்து விறைப்பு, மயக்கம் தொடரலாம். மாத்திரை போட்டுத் தூங்கி எழுந்தால் சரியாகிவிடும் என்று காத்திருப்பது ஆபத்து. முதல் 24 மணி நேரத்துக்குள் மறுபடி வெடிக்கும் வாய்ப்பு மிக அதிகம். உயர் ரத்த அழுத்தமும் புகைப்பழக்கமும் இதற்கு வழி திறந்துவிடுபவை.

தாவரவியலில் இதே சொல் சாந்தமாக இருக்கிறது. இலையிலோ தண்டிலோ நூலாம்படைபோல் முடி படர்ந்திருந்தால் தாவரவியலார் 'அரக்னாய்டு' என்று எழுதுவார்கள். ஆல்ப்ஸ் மலைப் பாறைகளில் வளரும் ஒரு சதைப்பற்றுச் செடியின் இலைநுனிகளுக்கிடையே வெள்ளை நூல் கட்டியிருக்கும். உண்மையான சிலந்தி வந்து கட்டியது என்றே தோன்றும். லின்னேயஸ் 1753இல் அதற்கு 'செம்பெர்விவம் அரக்னாய்டியம்' என்று பெயர் வைத்தார். வெயிலின் கடுமையைத் தணிப்பதும் ஈரத்தைக் காப்பதும் அந்த நூல்களின் வேலை.

இங்கே ஓர் எச்சரிக்கை. நிலக்கடலையின் அறிவியல் பெயர் 'அராக்கிஸ் ஹைபோஜியா'. இதையும் சிலந்திக் குடும்பத்தில் சேர்த்துவிடத் தோன்றும். தொடர்பில்லை. 'அராக்கோஸ்' என்பது கிரேக்கர் ஒரு பயறுவகைச் செடிக்கு வைத்திருந்த பெயர். உடலில் வீக்கத்தையும் வலியையும் தூண்டும் பொருள்களுக்கு மூலமான அராக்கிடோனிக் அமிலமும் கடலை வழி வந்த பெயர்தான். கடலை எண்ணெயில் அந்த அமிலம் கிடையாது என்பது வேறு கதை.

பூமியைவிட்டு இந்தச் சொல் புறப்பட்டது 1980களில். 1983 அக்டோபரில் சோவியத் நாட்டின் வெனேரா 15, 16 விண்கலங்கள் வெள்ளியைச் சுற்றத் தொடங்கின. கந்தக அமில மேகம் மூடிய கோள் என்பதால் கேமராவால் பயனில்லை. ராடார் கொண்டே வடபகுதியைப் படமெடுத்தன. படங்களில் வட்டங்களுக்குள் வட்டங்களும், அவற்றிலிருந்து எட்டுத் திசையும் கால்நீட்டிய விரிசல்களும் முகடுகளும் தெரிந்தன. விஞ்ஞானிகள் அரக்னாய்டு என்றார்கள். குறுக்களவு 50 கிலோமீட்டரிலிருந்து 200ஐத் தாண்டும். கீழிருந்து பாறைக்குழம்பு முட்டித் தூக்கியதில் மேலோடு பிளந்து, பின் நடுப்பகுதி அமிழ்ந்திருக்கலாம் என்பது பலர் ஏற்கும் விளக்கம். முடிவான விளக்கம் இன்னும் வரவில்லை. வந்தாலும் பெயர் தப்பித்துவிடும். 1990களின் தொடக்கத்தில் மகெல்லன் விண்கலம் இன்னும் கூர்மையான படங்களைத் தந்தது. அடுத்த முறை அங்கே ராடாருடன் போகத் திட்டமிட்டிருப்பவற்றுள் நம் இஸ்ரோவின் கலமும் ஒன்று. 2024 செப்டம்பரில் மத்திய அமைச்சரவை ஒப்புதல் அளித்திருக்கிறது. புறப்பாட்டுக்குக் குறித்திருப்பது 2028 மார்ச்.

தமிழ் மருத்துவமும் சிலந்தியை உடலுக்குள் கொண்டுவந்திருக்கிறது. நம் அகராதிகளில் சிலந்தி என்றால் புண், கட்டி என்ற பொருள்களும் உண்டு. காலைப் பொத்துக்கொண்டு நூலாய் வெளிவரும் கினிப்புழு நோய்க்கு 'நரம்புச் சிலந்தி' என்று பெயர். படிக்கிணற்று நீரில் பரவிய அந்த நோய் இந்தியாவில் ஒழிந்ததாக 2000இல் சான்றளிக்கப்பட்டது. நோயோடு சொல்லும் வழக்கொழிந்தது.

ஒரே ஒரு சிலந்திப் பெயர் எனக்கு உவப்பில்லாதது. 1896இல் பாரிஸ் மருத்துவர் அன்டோயின் மார்ஃபான், வழக்கத்துக்கு மாறாக நீண்டு மெலிந்த கைகால் விரல்கள் கொண்ட ஒரு சிறுமியை விவரித்தபோது சிலந்திக் கால்கள் என்று ஒப்பிட்டார். 1902இல் அது 'அரக்னோடாக்டிலி', சிலந்தி விரல் என்று மருத்துவச் சொல்லானது. சவ்வைச் சிலந்தி என்றால் சவ்வுக்கு வலிக்காது, பிள்ளைக்கு வலிக்கும். அதைவிடப் பெரிய குறை, பெயர் விரலைக் காட்டுகிறது, ஆபத்தோ நெஞ்சில் இருக்கிறது. மார்ஃபான் நோயில் திசுக்களைப் பிணைக்கும் ஃபிப்ரில்லின் என்ற புரதம் பழுதுபட்டிருக்கும். இதயத்திலிருந்து கிளம்பும் மகாதமனி மெல்ல விரிந்து ஒருநாள் கிழியலாம். 1984 ஒலிம்பிக்கில் வெள்ளிப் பதக்கம் வென்ற அமெரிக்க வாலிபால் அணியின் ஃப்ளோ ஹைமன், 1986 ஜனவரியில் ஜப்பானில் ஓர் ஆட்டத்தின் நடுவே இருக்கையில் சரிந்து இறந்தார். வயது 31. பிணக்கூறாய்வில்தான் மார்ஃபான் என்று தெரிந்தது. அதன்பின் சோதித்துப் பார்த்ததில் அவருடைய சகோதரருக்கும் இருப்பது தெரியவந்து, மகாதமனியில் அறுவை சிகிச்சை செய்யப்பட்டது.

குடும்பத்தில் யாருக்கும் இல்லாத உயரம், மூடிய கைக்குள் வைத்த கட்டைவிரல் மறுபக்கம் எட்டிப்பார்க்கும் நீளம், கூடவே நெஞ்செலும்பு வளைவோ கண்வில்லை விலகலோ உள்ள பிள்ளை இருந்தால், ஒரு எக்கோ பரிசோதனை எடுத்துவிடுங்கள். தமனி விரியும் வேகத்தைக் குறைக்க மாத்திரைகள் இருக்கின்றன. கிழிவதற்கு முன்பே மாற்றும் அறுவை சிகிச்சையும் இருக்கிறது.

(தொடரும்)