ஆலிஸ் கண்ட காளான்

மாயக் கதைகளில் வரம் அளிப்போர் பலர். வரத்தை அளந்து கையாளக் கற்பிப்போர் சிலரே. ஆக்ஸ்போர்டில் கணிதம் போதித்த சார்லஸ் டாட்ஜ்சன் அச்சிலருள் ஒருவர். லூயிஸ் கரோல் என்ற புனைபெயரில் அவர் 1865-இல் வெளியிட்ட ஆலிஸ் கதையில் ஓர் அதிசயக் காளான் வருகிறது.

அதுவரை ஆலிஸ் குப்பி நீரைப் பருகிச் சுருங்குகிறாள்; பணியாரம் தின்று கூரை முட்ட வளர்கிறாள். தன் உருவம் தன் வசமில்லையே என்று கண்ணீர் விடுகிறாள். மூன்று அங்குலமாய்க் குறுகி நின்றவளிடம், காளான்மேல் அமர்ந்து ஹூக்கா புகைக்கும் புழு வழி சொல்கிறது: ஒரு பக்கம் வளர்க்கும், மறுபக்கம் குறுக்கும்.

வட்டமான காளானுக்குப் பக்கம் ஏது? 1864-இல் ஆலிஸ் லிடெல் என்னும் சிறுமிக்கு ஆசிரியர் பரிசளித்த கையெழுத்துப் பிரதியில், குடை வளர்க்கும், தண்டு குறுக்கும் என்று எளிதாகவே இருந்தது. அச்சில் அதைப் புதிராக்கிவிட்டார்.

ஆலிஸ் காளானைக் கட்டித் தழுவி, இரு கைகளும் எட்டிய இடங்களில் இரு துண்டுகளைப் பிய்க்கிறாள். ஒன்றைக் கடித்ததும் மோவாய் பாதத்தில் இடிக்கிறது. மற்றதைத் தின்றதும் கழுத்து மரங்களுக்கு மேல் நீள்கிறது. பாம்பென்று எண்ணிப் புறா அலறுகிறது. பின்னர் இதில் சிறிது, அதில் சிறிது கொறித்துத் தன் இயல்பான உயரத்தை அடைகிறாள். சிறு வீட்டை அணுக ஒன்பது அங்குலம், தோட்டத்தினுள் நுழைய ஓரடி என்று பிறகு தானே அளவைத் தேர்கிறாள்.

இக்கதையைக் குழந்தைகளுக்குக் கூறும் தாய்மார்கள் ஒன்றையும் சேர்த்துக் கூறுதல் நலம். கொறித்துப் பார்த்து அறிவது கதைக் காளானுக்கே பொருந்தும். காட்டுக் காளான்கள் சிலவற்றின் நஞ்சு சமைத்தாலும் அழியாது. உண்டு பல மணி நேரம் கழிந்த பின்னரே குணம் காட்டும். அவ்வேளை அளவு பார்க்கக் காலம் கடந்திருக்கும்.